உயிரை வெட்டி ஒட்டும் தச்சர்கள்: சிமிக் டெக் வாங்கலாமா?

மேஜிக்: தி கேதரிங் கார்டு விளையாட்டில் ராவ்னிகா என்று ஓர் உலகம் உண்டு. கண்ணுக்கெட்டிய தூரம் நகரம்தான். அந்த நகரத்தைப் பத்து சங்கங்கள் பங்கு போட்டுக்கொண்டு நடத்துகின்றன. பச்சையும் நீலமும் சேர்ந்த சிமிக் சங்கத்துக்கு ஒதுக்கப்பட்ட வேலை, உயிருள்ள சதையை வெட்டியும் ஒட்டியும் புதிய உயிரிகளைச் செய்வது. அந்தத் தொழிலைச் செய்பவர்களை பயோமான்சர் என்பார்கள். முதலையையும் தவளையையும் சேர்த்து ஒன்று, சுறாவையும் நண்டையும் ஆக்டோபஸையும் சேர்த்து இன்னொன்று என்று போகிற கூட்டம் இது.

இந்தச் சங்கத்தின் கார்டுகள் பெரிய அளவில் மூன்று முறை வந்தன: 2006இல் டிஸென்ஷன், 2013இல் கேட்கிராஷ், 2019இல் ராவ்னிகா அலீஜியன்ஸ். மூன்றிலும் தொழில் அதேதான், ஆனால் அதைச் செய்யும் முறை மாறியது. முதலில் கிராஃப்ட், அடுத்து இவால்வ், கடைசியில் அடாப்ட். எதை வாங்குவது, எதை விடுவது, மூன்றையும் ஒரே டெக்கில் (ஆடக் கட்டும் கார்டுக் கட்டில்) போட்டால் என்ன நடக்கும் என்பதைப் பார்ப்போம். முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம்: பணம் கொஞ்சமாக இருந்தால் 2006இன் கிராஃப்ட் கார்டுகளில் போடுங்கள். மற்ற இரண்டும் அதற்குத் துணைக்கு வரட்டும்.

விளையாட்டுக்குப் புதியவர்களுக்குச் சில வரிகள். கார்டை இறக்கக் கொடுக்கும் விலை மானா; நிலக் கார்டுகளை டேப் செய்தால், அதாவது பக்கவாட்டில் திருப்பினால், அது கிடைக்கும். டேப் ஆனதைத் திரும்ப நிமிர்த்துவதை எழுப்புவது என்கிறோம். ஒவ்வோர் உயிரிக்கும் அடிக்கும் பலம் (பவர்), தாங்கும் பலம் (டஃப்னெஸ்) என்று இரண்டு எண்கள். 2/3 என்றால் இரண்டு அடிக்கும், மூன்று தாங்கும். தாங்கும் பலம் பூஜ்யமானால் அந்த உயிரி அப்போதே செத்துவிடும். +1/+1 கவுன்டர் (அடையாளக் காய்) ஒன்றை வைத்தால் இரண்டு எண்ணும் ஒவ்வொன்று கூடும். சிமிக்கின் மொத்தப் பிழைப்பும் இந்தக் கவுன்டரில்தான்.

கிராஃப்டில் இருந்து தொடங்குவோம். கிராஃப்ட் 3 என்று எழுதிய உயிரி, பெயருக்கு 0/0. களத்துக்கு வரும்போது மூன்று கவுன்டருடன் வருவதால் 3/3 ஆக நிற்கிறது. அதன்பின் வேறு எந்த உயிரி களத்துக்கு வந்தாலும், விருப்பமிருந்தால் இதிலிருந்து ஒரு கவுன்டரை எடுத்து அதன்மேல் வைக்கலாம். ஒட்டுமாங்கன்று போலத்தான்: தாய்மரத்துக் கிளை குறையும், கன்று பிழைக்கும். பலம் எங்கிருந்தோ சும்மா வரவில்லை, ஓர் உடம்பில் இருந்து இன்னோர் உடம்புக்குப் போகிறது. சதையை வைத்துத் தொழில் செய்கிறவன் கணக்கு இப்படித்தானே இருக்க வேண்டும்? பின்னால் வந்த இரண்டு முறைகளிலும் இந்தக் கணக்கு இல்லை.

பலரும் முதலில் கவனிக்காமல் விடுவது 'வேறு எந்த உயிரி' என்ற சொற்களை. உங்கள் உயிரி என்று அதில் இல்லை. எதிராளி இறக்கும் உயிரிமேலும் உங்கள் கவுன்டரை ஒட்டலாம். எதிரிக்கு எதற்குப் பலம் கொடுப்பது என்று கேட்டால், சைட்டோபிளாஸ்ட் மானிப்யூலேட்டரைப் பார்த்தால் புரியும். நான்கு மானா, அதில் இரண்டு நீலம், கிராஃப்ட் 2. ஒரு நீல மானா கொடுத்து இதை டேப் செய்தால், +1/+1 கவுன்டர் உள்ள ஏதாவது ஓர் உயிரி உங்கள் பக்கம் வந்துவிடும். மானிப்யூலேட்டர் களத்தில் இருக்கும்வரை அது உங்களுடையது. எதிராளி தன் டெக்கின் பெரிய மிருகத்தை இறக்குகிறார், நீங்கள் அதன்மேல் ஒரு கவுன்டரை ஒட்டுகிறீர்கள், அடுத்து அதை இந்தப் பக்கம் இழுத்துக்கொள்கிறீர்கள். மறுமுறை டேப் செய்யும்போது இன்னொன்று. திருடியதைப் பிடித்துவைக்க மானிப்யூலேட்டர் டேப் ஆகியே இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

இதில் சறுக்கும் இடங்கள் நான்கு. மானிப்யூலேட்டர் இறங்கிய சுற்றிலேயே டேப் செய்ய முடியாது. ஆனால் கவுன்டர் ஒட்டும் வேலையை இறங்கியவுடனே தொடங்கிவிடலாம். ஏற்கெனவே களத்தில் நிற்கும் உயிரிமேல் ஒட்ட வழியில்லை, புதிதாக வருவதன்மேல் மட்டும்தான். அதனால் எதிராளியின் பெரிய மிருகம் வருவதற்கு முன் இது இறங்கியிருக்க வேண்டும். இருப்பதே இரண்டு கவுன்டர். இரண்டையும் கொடுத்துவிட்டால் இது 0/0 ஆகிச் செத்து, திருடியதெல்லாம் உடையவரிடமே திரும்பும். கடைசியாக, கவுன்டர் ஒட்டுவது டார்கெட் செய்வது (குறிவைப்பது) அல்ல, அதனால் ஹெக்ஸ்ப்ரூஃப் (எதிராளி குறிவைக்க முடியாத காப்பு) உள்ள எதிரி உயிரிமேலும் ஒட்டலாம். ஆனால் இழுத்துக்கொள்வது டார்கெட் செய்துதான். ஒட்டிவிட்டு இழுக்க முடியாமல் நின்றால் எதிராளிக்கு ஒரு கவுன்டர் இனாம்.

கொடுத்த கவுன்டரைத் திரும்ப எடுக்கவும் ஆள் உண்டு. சைட்டோபிளாஸ்ட் ரூட்-கின்: நான்கு மானா, கிராஃப்ட் 4. இரண்டு மானா கொடுத்தால் உங்கள் வசம் உள்ள ஓர் உயிரியிடம் இருந்து ஒரு கவுன்டரை உருவித் தன்மேல் வைத்துக்கொள்ளும். திருடிய மிருகத்திடம் இருந்தே உருவலாம். கவுன்டர் போய்விட்டதே என்று அந்த மிருகம் திரும்பிப் போகாது, ஏனென்றால் இழுக்கும் நேரத்தில் கவுன்டர் இருந்தால் போதும்.

ரூட்-கின் இறங்கும்போது, ஏற்கெனவே கவுன்டர் வைத்திருக்கும் உங்கள் மற்ற உயிரிகள் ஒவ்வொன்றுக்கும் ஒரு கவுன்டர் கூடுதலாகக் கிடைக்கும். இங்கே வரிசை முக்கியம். அதே நொடியில் மற்றவற்றின் கிராஃப்ட் ட்ரிகர்களும், அதாவது தானாகக் கிளம்பும் விளைவுகளும், எழும். எல்லாம் உங்களுடையவை என்பதால் ஸ்டாக்கில், அதாவது நடக்கக் காத்திருக்கும் விளைவுகளின் அடுக்கில், எது முதலில் போகிறது என்பது உங்கள் முடிவு. கிராஃப்ட் ட்ரிகர்களை முதலில் வையுங்கள், ரூட்-கின்னுடையதை மேலே வையுங்கள். மேலே இருப்பது முதலில் நடக்கும்: எல்லாவற்றுக்கும் ஒரு கவுன்டர் ஏறிய பிறகு, வேண்டுமானால் கொடுக்கலாம். தலைகீழாகச் செய்து, ஒரே கவுன்டருடன் நின்ற உயிரி அதையும் கொடுத்துவிட்டால், ரூட்-கின்னின் பங்கு வருவதற்குள் அது செத்திருக்கும்.

பிளாக்ஸ்காஸ்டர் ஃப்ராக்லிங் மூன்று மானாவுக்கு 3/3, அதாவது கிராஃப்ட் 3. இரண்டு மானாவுக்கு, கவுன்டர் உள்ள ஓர் உயிரிக்கு அந்தச் சுற்று முடியும்வரை ஷ்ரவுட் (யாருமே குறிவைக்க முடியாத காப்பு) தரும். எதிராளி உங்கள் உயிரியைக் கொல்ல எறிந்த கார்டு வீணாகும். இந்த டெக்கின் முக்கியப் பாதுகாப்பு இதுதான். ஆனால் ஷ்ரவுட் எதிரியை மட்டும் தடுப்பதில்லை, உங்களையும் தடுக்கும். ஷ்ரவுட் பெற்ற உயிரியிடம் இருந்து ரூட்-கின் கவுன்டர் உருவ முடியாது, அதை எழுப்பவும் முடியாது. அவசரப்பட்டு முன்கூட்டியே கொடுக்காதீர்கள். எதிராளி கார்டை இறக்கிய பிறகு பதிலாகக் கொடுங்கள்.

காயம் பட்ட கிராஃப்ட் உயிரியிடம் இருந்து கவுன்டர் எடுப்பது இன்னொரு பொறி. 3/3 ஃப்ராக்லிங் அந்தச் சுற்றில் இரண்டு அடி வாங்கியிருக்கிறது, நீங்கள் ஒரு கவுன்டரைக் கொடுக்கிறீர்கள். இப்போது அது இரண்டு அடி வாங்கிய 2/2, போய்ச் சேர்ந்துவிடும். 2009க்கு முன் விளையாடியவர்கள் அடி ஸ்டாக்கில் காத்திருக்கும்போதே கவுன்டரை நகர்த்துவார்கள். அந்த ஆண்டு வந்த விதி மாற்றத்தோடு அந்த வித்தை முடிந்தது. பழைய டிஸென்ஷன் கார்டுகளில் அச்சான சொற்களும் அந்தக் காலத்தவைதான். சந்தேகம் வந்தால் இணையத்தில் உள்ள இன்றைய விதி வாசகத்தையே நம்புங்கள்.

இனி இவால்வ். உங்கள் பக்கம் புதிதாக வரும் உயிரியின் பவரோ டஃப்னெஸோ இவால்வ் உயிரியினுடையதைவிடக் கூடுதலாக இருந்தால், இவால்வ் உயிரிக்கு ஒரு கவுன்டர். யாரிடமும் எடுக்காமல், பக்கத்தில் பெரியவன் வந்து நின்றதாலேயே வளர்வது. கதைப்படி இது பொருந்தும்: மோமிர் விக் என்ற எல்ஃப் தலைவன் சைட்டோபிளாஸ்ட்களை (உடம்பில் ஒட்டும் உயிர்ச்சதைகளை) வைத்துச் செய்த வேலைகள் கிராஜ் என்ற பெரும் பூதமாக வெடித்து, சங்கமே கவிழ்ந்தது. பிறகு நகரத்தின் அடியில் பிளந்த ஆழ்குழிகளில் இருந்து கடல்மக்கள் மேலே வந்து, ஸெகானா தலைமையில் சங்கத்தைத் திரும்பக் கட்டினார்கள். வெட்டி ஒட்டுவதை விட்டு, தானாக வளரவிடு என்பது அவர்கள் போக்கு. விளையாடும்போது மட்டும் கை சும்மா இருக்கிறது. நல்ல உயிரியை இறக்கினால் கவுன்டர் ஏறும். யோசிக்க அதிகம் இல்லை.

ஆனாலும் இந்தத் தொகுப்பில் இருந்து நான்கு கார்டுகள் கட்டாயம் வேண்டும். எக்ஸ்பெரிமென்ட் ஒன், ஒரே பச்சை மானாவுக்கு 1/1 இவால்வ். அடுத்தது ஃபாதம் மேஜ்: நான்கு மானா, 1/1, இவால்வ், இதன்மேல் ஒரு கவுன்டர் வைக்கப்படும் ஒவ்வொரு முறையும் ஒரு கார்டு எடுக்கலாம். இவால்வ் வழியாக மட்டும்தான் என்ற நிபந்தனை கிடையாது. களத்தில் இரண்டு கிராஃப்ட் உயிரிகள் இருக்கும்போது இதை இறக்கினால், இரண்டும் ஆளுக்கொரு கவுன்டர் கொடுக்கும், கையில் இரண்டு கார்டு ஏறும். 2013இன் கார்டு 2006இன் முறைக்கு இவ்வளவு கச்சிதமாகப் பொருந்துவது ஆச்சரியம்தான். மூன்றாவது மாஸ்டர் பயோமான்சர்: இனிமேல் இறங்கும் உங்கள் உயிரிகள் எல்லாம் இவருடைய பவர் எவ்வளவோ அத்தனை கவுன்டர் கூடுதலாக எடுத்துக்கொண்டு வரும். இவர் 2/4, எனவே ஃப்ராக்லிங் ஐந்து கவுன்டருடன் வரும். நான்காவது ஸாமெக் கில்ட்மேஜ், அதற்குப் பிறகு வருகிறேன்.

இவால்வில் அடிக்கடி சண்டை கிளப்பும் ஒரு விஷயம். உங்களிடம் 2/2 ஆக வளர்ந்த எக்ஸ்பெரிமென்ட் ஒன், ஒரு கிராஃப்ட் உயிரி இரண்டும் இருக்கின்றன. புதிதாக ஒரு 2/2 வருகிறது. கிராஃப்ட் கவுன்டர் வைத்தால் அது 3/3 ஆகுமே, இவால்வ் நடக்காதா? நடக்காது. உயிரி வந்த நொடியில் பெரிதாக இருந்தால்தான் இவால்வ் ட்ரிகரே எழும். பிறகு அது நடக்கும் நேரத்தில் இன்னொரு முறையும் சரிபார்க்கப்படும். கிராஃப்ட் நகர்த்தல் நடப்பது வந்த பிறகு. ஆனால் மாஸ்டர் பயோமான்சர் தரும் கவுன்டர்கள் வரும்போதே கூட வருபவை, அதனால் கணக்கில் சேரும்.

அடாப்ட் பற்றி எங்களுக்கு உற்சாகம் குறைவு. மானா கொடு, உயிரிமேல் கவுன்டர் ஒன்றும் இல்லையென்றால் இத்தனை கவுன்டர் வைத்துக்கொள், அவ்வளவுதான். காசு கொடுத்து வாங்கும் வளர்ச்சி. ஷார்க்டோக்ராப் படத்துக்காக ஒன்று வாங்கலாம். விளையாட்டுக்கு 4/4 ஆகப் பரவாயில்லை. 2019 தொகுப்பில் இரண்டு கார்டுகள்தான் இந்த டெக்கை வேறு உயரத்துக்குக் கொண்டுபோகின்றன. இன்குபேஷன் ட்ரூயிட், இரண்டு மானாவுக்கு 0/2: டேப் செய்தால், உங்கள் நிலம் ஒன்று தரக்கூடிய வகை மானா ஒன்று. இதன்மேல் +1/+1 கவுன்டர் இருந்தால் ஒன்றுக்குப் பதில் மூன்று. கவுன்டர் வைக்க ஐந்து மானா கொடுத்து அடாப்ட் 3 செய்யச் சொல்கிறது கார்டு. கிராஃப்ட் டெக்கில் அந்த ஐந்து மானாவே வேண்டாம், ஒரு கவுன்டரை ஒட்டினால் போதும்.

இதையும் விஜியன் கிராஃப்ட்மேஜையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கிராஃப்ட்மேஜ் மூன்று மானா, கிராஃப்ட் 2. இரண்டு மானாவுக்கு (அதில் ஒன்று நீலம்), கவுன்டர் உள்ள ஓர் உயிரியை எழுப்பும். ட்ரூயிட் மூன்று நீலம் தருகிறது, இரண்டைக் கொடுத்து அதையே எழுப்பலாம், ஒன்று மிச்சம். திரும்பத் திரும்பச் செய்தால் மானாவுக்கு முடிவே இல்லை.

வேகமான வரிசை இது. முதல் சுற்றில் லானோவார் ரீபார்ன் நிலம். ஃப்யூச்சர் சைட் தொகுப்பில் வந்தது. நிலத்துக்கே கிராஃப்ட் 1 உண்டு, ஆனால் டேப் ஆகியே வரும். இரண்டாம் சுற்றில் இன்னொரு நிலம், ட்ரூயிட். நிலத்தின்மேல் இருக்கும் கவுன்டரை ட்ரூயிட்மேல் ஒட்டுங்கள். கவுன்டர் போனாலும் நிலம் நிலம்தான், சாகாது. மூன்றாம் சுற்றில் மூன்றாவது நிலம், மூன்றையும் டேப் செய்து கிராஃப்ட்மேஜ். மூன்றில் ஒன்றாவது நீலம் தர வேண்டும். ட்ரூயிட் ஒரு சுற்று கடந்துவிட்டதால் இப்போது டேப் செய்யலாம். மூன்றாம் சுற்றிலேயே எல்லையில்லா மானா.

கவனிக்க வேண்டியவை: ஒரு கட்டத்தில் கிடைத்த மானா அடுத்த கட்டத்துக்கு வராது, அதனால் சுழற்சியையும் செலவையும் ஒரே மெயின் ஃபேஸில் முடியுங்கள். ட்ரூயிட் ஒவ்வொரு முறையும் ஒரே வகை மானாதான் மூன்று தரும். முதலில் நீலத்தைத் தேவையான அளவு சேர்த்துவிட்டு, கடைசி ஒரு முறை பச்சை எடுங்கள். ட்ரூயிட் முதலிலேயே இறங்கி, கிராஃப்ட்மேஜ் பிறகு வந்தால், கிராஃப்ட்மேஜின் கவுன்டர் ட்ரூயிடுக்குப் போகாது. லானோவார் ரீபார்ன் கையில் இல்லையென்றால் கிராஃப்ட்மேஜை முதலில் இறக்கி, ட்ரூயிடைப் பிறகு இறக்கி, ஒரு சுற்று பொறுங்கள்.

அவ்வளவு மானாவை எதில் கொட்டுவது? ஹைட்ராய்ட் க்ராசிஸ். ஜெல்லிமீன், ஹைட்ரா, மிருகம் எல்லாம் கலந்த ஒன்று. எக்ஸ் (நீங்கள் விரும்பும் எண்ணிக்கை) மானாவோடு ஒரு பச்சை, ஒரு நீலம் கொடுத்தால், எக்ஸ் கவுன்டருடன் பறந்து வரும். எதிரி தடுத்தாலும் மிச்ச அடி உள்ளே போகும். கார்டைப் போட்டவுடனே எக்ஸில் பாதி உயிர்ப்புள்ளியும் பாதி கார்டும் கிடைக்கும். எதிராளி க்ராசிஸை ரத்து செய்தாலும் இந்தப் பாதி கைவிட்டுப் போகாது. ஆசையில் எக்ஸை ஆயிரம் என்று சொல்லிவிடாதீர்கள். கார்டு எடுப்பது கட்டாயம். டெக்கில் இருப்பதைவிட அதிகம் எடுக்க நேர்ந்தால் தோற்றது நீங்கள்தான். டெக்கில் மிச்சம் இருக்கும் கார்டுகளை எண்ணி, அதன் இரு மடங்குக்கு உள்ளேயே எக்ஸை வையுங்கள்.

ஸாமெக் கில்ட்மேஜ் இரண்டு மானா, 2/2. ஒரு பச்சை, ஒரு நீலம் கொடுத்தால், அந்தச் சுற்றில் இறங்கும் உங்கள் உயிரிகள் ஒவ்வொரு கவுன்டர் கூடுதலாகக் கொண்டுவரும். அதே விலைக்கு, உங்கள் உயிரி ஒன்றில் இருந்து ஒரு கவுன்டரை எடுத்துவிட்டு ஒரு கார்டு எடுக்கலாம். எதிராளி உங்கள் பெரிய உயிரியைக் கொல்லப் போகிறார் என்றால், அது சாவதற்குள் கவுன்டர்களைக் கார்டுகளாக மாற்றிக்கொள்ளுங்கள்.

ராவ்னிகாவைச் சேராத ஒரு கார்டும் வேண்டும்: ஹார்டன்ட் ஸ்கேல்ஸ், ஒரு பச்சை மானா. உங்கள் உயிரிமேல் கவுன்டர் வைக்கும்போதெல்லாம் ஒன்று கூடுதல். நகர்த்துவதும் எடுத்து வைப்பதுதான் என்பதால், கிராஃப்ட் நகர்த்தலிலும் இது வேலை செய்யும். ஒன்றைக் கொடுத்தால் இரண்டாகச் சேரும். ஃபாதம் மேஜுக்கு ஒரு நகர்த்தலுக்கு இரண்டு கார்டு. மானிப்யூலேட்டர் மூன்று கவுன்டருடன் வருவதால், சாகாமல் இரண்டைக் கொடுக்கலாம். எதிராளியின் உயிரிக்கு மட்டும் கூடுதல் கிடையாது, அது நமக்கும் நல்லதுதான்.

அறுபது கார்டு டெக்காகக் கட்டினால் எங்கள் கணக்கு இப்படி வரும். எக்ஸ்பெரிமென்ட் ஒன், இன்குபேஷன் ட்ரூயிட், ஃப்ராக்லிங், கிராஃப்ட்மேஜ், ஹார்டன்ட் ஸ்கேல்ஸ் இவற்றில் நான்கு நான்கு. ஸாமெக் கில்ட்மேஜ், ஃபாதம் மேஜ், ரூட்-கின், மானிப்யூலேட்டர், க்ராசிஸ் இவற்றில் மூன்று மூன்று. மாஸ்டர் பயோமான்சர் இரண்டு. நிலம் 23: லானோவார் ரீபார்ன் 4, பிரீடிங் பூல் 4, ஃபாரஸ்ட் 7, ஐலண்ட் 8. எல்லாமே மாடர்ன் வகை ஆட்டத்துக்குச் செல்லும். ஆனால் இதைத் தூக்கிக்கொண்டு போட்டிக்குப் போகாதீர்கள்; எதிரி உயிரிகளைக் கொல்ல ஒரு கார்டுகூட இதில் இல்லை. நண்பர்கள் மேசைக்கு நல்ல டெக், போட்டி மேசைக்கு மெதுவான டெக்.

கையை உடைக்கும் விலை பிரீடிங் பூலுக்குத்தான். பட்ஜெட் இல்லையென்றால் சிமிக் கில்ட்கேட்டைப் போடுங்கள். அது எப்போதும் டேப் ஆகியே வரும் என்பதால் ஒரு சுற்று தாமதமாகலாம், அவ்வளவே. பூல் என்றால் இரண்டு உயிர்ப்புள்ளி கொடுத்து உடனே பயன்படுத்தலாம். கிராஃப்ட் கார்டுகளில் ஃப்ராக்லிங், கிராஃப்ட்மேஜ், ரூட்-கின் எல்லாம் 2015இன் மாடர்ன் மாஸ்டர்ஸ் தொகுப்பிலும் அச்சானவை, அதனால் 2006 பிரதிதான் வேண்டும் என்று தேட வேண்டாம். படங்கள் பிடித்திருந்தால் மட்டும் பழையதை வாங்குங்கள். 2019 பிப்ரவரியில் சிமிக் கில்ட் கிட் என்று அறுபது கார்டுடன் தயார் டெக் ஒன்றும் வந்தது. மூன்று காலத்துக் கார்டுகளும் அதில் கலந்திருக்கும், சங்கத்தைத் தெரிந்துகொள்ள நல்லதுதான். இந்தச் சுழற்சி வேண்டுமென்றால் தனித்தனியாக வாங்குவதே மேல்.

தனி கார்டு வாங்கும்போது போலியைப் பற்றிய பயம் இருந்தால், நகைக்கடை லென்ஸ் ஒன்றை எடுத்துக் கார்டின் பின்பக்கத்தில் உள்ள பச்சை வட்டத்தைப் பாருங்கள். அதற்குள் நான்கு சிறு சிவப்புப் புள்ளிகள் 'எல்' எழுத்து வடிவில் இருக்க வேண்டும். பளபளக்கும் ஃபாயில் கார்டுகளைத் தவிர்ப்பது நல்லது. ஈரக் காற்றில் வளைந்துவிடும், வளைந்த கார்டு எதுவென்று டெக்கிலேயே தெரிந்துவிடும்.

இந்த டெக்கை எதிராளி எப்படி வீழ்த்துவார்? களத்தையே ஒட்டுமொத்தமாகத் துடைக்கும் கார்டு ஒன்று போதும், கையில் மிச்சம் வைத்திருக்காவிட்டால் எழுந்திருக்க முடியாது. அதனால் எல்லாவற்றையும் இறக்காமல் இரண்டு உயிரிகளையாவது கையில் வையுங்கள். −1/−1 கவுன்டர் வைக்கும் டெக்குகள் இன்னொரு தலைவலி: அதுவும் +1/+1உம் ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும். வெள்ளையில் ஸாலெம்னிட்டி என்ற கார்டு கவுன்டர் வைப்பதையே தடுப்பதால், கிராஃப்ட் உயிரிகள் 0/0 ஆகவே இறங்கி அங்கேயே சாகும். அதை உடைக்கும் பச்சைக் கார்டு இரண்டை சைட்போர்டில் (ஆட்டங்களுக்கு நடுவே மாற்றிக்கொள்ளும் உபரிக் கார்டுகளில்) வையுங்கள். உயிரியைக் கைக்குத் திருப்பி அனுப்பும் நீலக் கார்டுகளுக்குப் பெரிதாகப் பயப்பட வேண்டாம். கவுன்டரெல்லாம் கொடுத்து ஒன்றோடு நிற்கும் ஃப்ராக்லிங்கை எதிராளி திருப்பி அனுப்பினால் நன்றி சொல்லுங்கள், திரும்ப மூன்றோடு வரும்.

ஓர் உயிரியைத் தலைவராக வைத்து ஆடும் நூறு கார்டு கமாண்டர் ஆட்டத்துக்கு மாற்றுவதென்றால், தலைமைக்கு வேனிஃபாரைப் பரிந்துரைப்போம். பிரைம் ஸ்பீக்கர் வேனிஃபார், நான்கு மானா, 2/4. டேப் செய்து உங்கள் வேறோர் உயிரியைப் பலி கொடுத்தால், அதைவிட ஒரு மானா கூடுதலான உயிரி ஒன்றை டெக்கில் தேடி நேரே களத்தில் வைக்கலாம். கிராஃப்ட் உயிரி ஒன்று ஏற்கெனவே இருந்தால், வேனிஃபார் இறங்கும்போது ஒரு கவுன்டர் ஒட்டிவிடுங்கள். பிறகு கிராஃப்ட்மேஜ் இரண்டு மானாவுக்கு அவரை எழுப்பிக்கொண்டே இருக்கும், ஒரே சுற்றில் படிப்படியாக ஏறலாம். பலி கொடுப்பது உங்கள் சுற்றில், ஸ்டாக் காலியாக இருக்கும்போது மட்டுமே. இந்த வழியில் க்ராசிஸைத் தேடி எடுக்காதீர்கள். எக்ஸ் பூஜ்யமாகக் கணக்காகி 0/0 ஆக வந்து செத்துவிடும். மாஸ்டர் பயோமான்சர் களத்தில் இருந்தால் பிழைக்கும், அப்போதும் கார்டு எடுக்கும் பங்கு வராது, ஏனென்றால் அது கார்டைப் போட்டால்தான்.

கிராஜைத் தலைவராக வைப்பவர்களும் உண்டு. எக்ஸ்பெரிமென்ட் கிராஜ், ஆறு மானா, 4/6: கவுன்டர் உள்ள மற்ற எல்லா உயிரிகளின் டேப் திறமைகளும் மானா கொடுத்துச் செய்யும் திறமைகளும் இதற்கும் வந்துவிடும், எதிராளியினுடையவை உட்பட. படிக்க இனிப்பு. ஆட்டத்தில், ஒவ்வொரு சுற்றும் களத்தில் உள்ள எல்லாக் கார்டையும் படித்து, இப்போது கிராஜுக்கு என்ன தெரியும் என்று பட்டியல் போட வேண்டும். நான்கு பேர் மேசையில் மற்ற மூவரும் தூங்கிவிடுவார்கள். மோமிர் விக்கின் பெயர் இணையத்தில் மேஜிக் ஆன்லைனில் வேறு விதமாக வாழ்கிறது: மோமிர் பேசிக் என்ற ஆட்டத்தில் டெக் முழுக்க அடிப்படை நிலங்கள்தான், ஒரு கார்டை எறிந்து எக்ஸ் மானா கொடுத்தால், அந்த விலைக்கான ஏதோ ஓர் உயிரி குருட்டுவாக்கில் வந்து நிற்கும். சிமிக்கைச் சுவைத்துப் பார்க்க அது நல்ல வழி.

கவுன்டருக்குப் பகடைக்காய் வேண்டாம். எண்ணைத் திருப்பித் திருப்பி வைக்கும்போது தவறும், யாராவது கைபட்டு உருட்டிவிட்டால் ஆட்டமே தகராறு. சிறு கண்ணாடி மணிகள் நாற்பது, ஐம்பது வாங்கிக்கொள்ளுங்கள். ஒன்றை எடுத்து ஒன்றில் வைப்பது கண்ணுக்கும் தெரியும். எதிராளியின் கார்டுமேல் வைக்க வேறு நிறத்தில் பத்து தனியாக இருக்கட்டும், ஆட்டம் முடிந்து அவர் கார்டுகளை அள்ளும்போது உங்கள் மணியும் சேர்ந்து போகாது.